ஸ்டே வாங்கிய வழக்குகள் எங்கே போகின்றன?

நடந்துகொண்டிருக்கும் ஒரு கிரிமினல் வழக்கை மேல் நீதிமன்றம் நிறுத்தலாமா? சட்டம் படிக்காதவர்கள்கூட இதற்குச் சட்டென்று பதில் சொல்லிவிடுவார்கள். "ஏன் முடியாது? ஸ்டே வாங்கிட்டாங்கன்னு பேப்பர்ல அடிக்கடி வருதே!" சரியான பதில்தான். ஆனால் அதற்கு அடுத்த கேள்வியை நாம் அதிகம் கேட்பதில்லை. ஸ்டே வாங்கிய பிறகு அந்த வழக்கு என்ன ஆகிறது? நிறுத்தி வைத்ததை யார் நினைவில் வைத்திருக்கிறார்கள்?

இந்தக் கேள்வியோடு உச்ச நீதிமன்றத்தின் மூன்று தீர்ப்புகளை வரிசையாகப் படித்துப் பார்த்தேன். 2012ல் வந்த இம்தியாஸ் அகமது வழக்கு, 2018ல் வந்த ஏசியன் ரீசர்ஃபேசிங் வழக்கு, 2024ல் வந்த அலகாபாத் உயர் நீதிமன்ற வழக்கறிஞர் சங்க வழக்கு. மூன்றும் ஒரே நோயைப் பற்றிப் பேசுகின்றன. முதலாவது நோயை அளந்தது. இரண்டாவது தடாலடியாக ஒரு மருந்து கொடுத்தது. மூன்றாவது அந்த மருந்தே விஷம் என்று சொல்லிக் கீழே கொட்டியது. கொட்டியது சரி என்றே நினைக்கிறேன். ஆனால் நோயாளி இன்னும் படுத்த இடத்திலேயேதான் இருக்கிறார்.

நான் சொல்ல வருவது இவ்வளவுதான்: ஒரு வழக்கில் எப்போது தலையிடலாம் என்பதற்கு நம் நீதிமன்றங்கள் அறுபது ஆண்டுகளுக்கு மேலாக நுணுக்கமான விதிகளைச் செதுக்கி வைத்திருக்கின்றன. தலையிட்டு நிறுத்தியதை எவ்வளவு காலம் நீட்டலாம், நீட்டுவதற்கு என்ன காரணம் சொல்ல வேண்டும் என்பதற்கு அப்படி எதுவும் செதுக்கப்படவில்லை.

கதவுகள்

முதலில் அடிப்படை. கீழமை நீதிமன்றத்தில் வழக்கு நடக்கும்போதே உயர் நீதிமன்றம் உள்ளே வருவதற்குச் சில கதவுகள் உண்டு.

ஒன்று, சீராய்வு. கீழ்க்கோர்ட்டு போட்ட ஓர் உத்தரவு சட்டப்படி சரிதானா என்று பார்ப்பது. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் இது பிரிவு 397. இன்னொன்று, உள்ளார்ந்த அதிகாரம். நீதிமன்ற நடைமுறையை யாராவது தவறாகப் பயன்படுத்தினால் அதைத் தடுக்கவும், நீதியைக் காக்கவும் உயர் நீதிமன்றத்துக்கு இயல்பாகவே உள்ள அதிகாரம். 1898ஆம் ஆண்டுச் சட்டத்தில் 1923ல் 561ஏ என்ற பிரிவாக நுழைந்து, 1973ஆம் ஆண்டுச் சட்டத்தில் 482 ஆகி, 2024 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் 528 ஆகியிருக்கிறது. எண் மாறியதே தவிர ஆள் அதேதான். நம் ஊர் வக்கீல்கள் "கிரிமினல் ஓ.பி. போட்டிருக்கோம்", "க்வாஷ் போட்டிருக்கோம்" என்று சொல்வதெல்லாம் பெரும்பாலும் இந்தக் கதவைத்தான்.

இவை தவிர அரசியலமைப்பின் 226, 227ஆம் பிரிவுகள் இருக்கின்றன. வழக்கை ஓர் இடத்திலிருந்து இன்னோர் இடத்துக்கு மாற்றும் அதிகாரம் தனியாக இருக்கிறது. அது ஒரே மாநிலத்துக்குள் என்றால் உயர் நீதிமன்றம், மாநிலம் தாண்ட வேண்டும் என்றால் உச்ச நீதிமன்றம்.

இந்தக் கதவுகளே தேவையில்லை என்று சொல்பவர்கள் உண்டு. நான் அந்தக் கட்சி இல்லை. கடன் தகராறு, நிலத் தகராறு, கூட்டு வியாபாரத் தகராறு என எதையும் மோசடி வழக்காக்கி எதிராளியைக் கோர்ட்டுக்கும் ஸ்டேஷனுக்கும் அலையவிடுவது இங்கே பழகிப்போன உத்தி. தெருவில் நின்று கோஷம் போட்டவர்கள்மேல் பழைய தண்டனைச் சட்டத்தின் 188ஆம் பிரிவில் எஃப்.ஐ.ஆர். போட்டுவிட்டு வருஷக்கணக்கில் வாய்தாவுக்கு வரவழைப்பதும் அப்படித்தான். அந்தப் பிரிவில் போலீஸ் தானாக எஃப்.ஐ.ஆர். பதிவு செய்து குற்றப்பத்திரிகை போட முடியாது, சம்பந்தப்பட்ட அரசு அதிகாரி எழுத்துபூர்வமாக நீதிமன்றத்தில் புகார் கொடுக்க வேண்டும் என்று 2018ல் சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை தெளிவாகச் சொல்லி, கட்டுக்கட்டாக வந்திருந்த வழக்குகளை ரத்து செய்தது. அந்த வழக்குகளில் சிக்கியவர்களிடம் போய் "விசாரணை முடியட்டும், நிரபராதி என்றால் விடுதலை ஆவீர்கள்" என்று சொல்வது கொடுமை. அவர்களுக்கு வாய்தாதான் தண்டனை.

தலையீடு வழக்கைக் காப்பாற்றிய கதையும் உண்டு. ஜெயலலிதாமீதான சொத்துக்குவிப்பு வழக்கு நமக்கெல்லாம் தெரிந்தது. 2001ல் ஆட்சி மாறிய பிறகு, ஏற்கெனவே சாட்சி சொல்லியிருந்த 76 பேர் மறுபடி குறுக்கு விசாரணைக்கு அழைக்கப்பட்டார்கள். அதில் 64 பேர் முன்பு சொன்னதிலிருந்து பின்வாங்கினார்கள். அரசு வழக்கறிஞர் அதைத் தடுக்கவும் இல்லை, அவர்களைப் பிறழ் சாட்சிகளாக அறிவிக்கச் சொல்லிக் கேட்கவும் இல்லை. க. அன்பழகன் போட்ட மனுவில் 2003 நவம்பர் 18 அன்று உச்ச நீதிமன்றம் வழக்கைக் கர்நாடகத்துக்கு மாற்றியது. அந்தத் தலையீடு இல்லையென்றால் 2014 செப்டம்பர் 27 அன்று பெங்களூருவில் வந்த தீர்ப்பு வந்தேயிருக்காது. அந்தத் தீர்ப்பை நீங்கள் ஏற்கலாம், ஏற்காமல் போகலாம். விசாரணை விசாரணையாக நடக்க வேண்டும் என்பதில் யாருக்கும் மாறுபாடு இருக்க முடியாது.

ஆக, அதிகாரம் வேண்டும். அது எப்படிப் பயன்படுகிறது என்பதில்தான் சிக்கல்.

நுழைவதற்கு எத்தனை விதிகள்!

1973ஆம் ஆண்டுச் சட்டத்தை எழுதியவர்கள் ஒரு பூட்டு போட்டார்கள். பிரிவு 397(2): இடைநிலை உத்தரவுகளுக்கு எதிராகச் சீராய்வு கிடையாது. சின்னச் சின்ன உத்தரவுக்கெல்லாம் மேலே ஓடி வழக்கை இழுத்தடிக்கக் கூடாது என்பது நோக்கம்.

சட்டம் நடைமுறைக்கு வந்து மூன்றரை ஆண்டுகளுக்குள் அந்தப் பூட்டு தளர்ந்தது. 1977ல் அமர்நாத் வழக்கில், ஒருவரைக் குற்றம் சாட்டப்பட்டவராக அழைத்து சம்மன் அனுப்புவது வெறும் இடைநிலை உத்தரவு ஆகாது என்றது உச்ச நீதிமன்றம். அதே ஆண்டு அக்டோபர் 31ல் மது லிமாயே வழக்கு. மகாராஷ்டிர அமைச்சர் அந்துலேயைப் பற்றிப் பத்திரிகையாளர்களிடம் பேசியதற்காக மது லிமாயேமீது அவதூறு வழக்கு. குற்றச்சாட்டு வனையப்பட்டது இடைநிலை உத்தரவா, இறுதி உத்தரவா? இரண்டும் இல்லை, நடுவில் ஒரு வகை இருக்கிறது, அதற்குப் பூட்டு பொருந்தாது என்றது நீதிமன்றம். மேலும், நடைமுறை அப்பட்டமாகத் தவறாகப் பயன்படுத்தப்படும் இடத்தில் 397(2) என்ற தடை, 482ன் உள்ளார்ந்த அதிகாரத்தைக் கட்டாது என்றும் சொன்னது.

பிறகு பஜன்லால் வழக்கு. எந்தெந்தச் சூழலில் எஃப்.ஐ.ஆரையோ வழக்கையோ ரத்து செய்யலாம் என்று ஏழு வகைகளைப் பட்டியலிட்ட 1990ஆம் ஆண்டுத் தீர்ப்பு. இன்றைக்கும் க்வாஷ் மனு என்றால் இந்தத் தீர்ப்பின் பெயர் இல்லாமல் இருக்காது. இதில் ஒரு வேடிக்கை. ரத்து செய்வதற்கு ஆதாரமாக இத்தனை பேர் காட்டும் இந்தத் தீர்ப்பில், ஹரியானாவின் முன்னாள் முதலமைச்சர்மீதான எஃப்.ஐ.ஆரை உயர் நீதிமன்றம் ரத்து செய்தது தவறு என்றுதான் உச்ச நீதிமன்றம் சொன்னது. புலனாய்வு செய்த போலீஸ் அதிகாரிக்கு முறையான அதிகாரம் இல்லை என்பதால் அந்தப் புலனாய்வை மட்டும் ரத்து செய்தது. ரத்து செய்யும் அதிகாரத்தை அரிதிலும் அரிதாகத்தான் பயன்படுத்த வேண்டும் என்ற எச்சரிக்கையும் அதே தீர்ப்பில் இருக்கிறது. ஏழு வகைகள் மட்டும் ஊரெல்லாம் பரவின. எச்சரிக்கை பரவவில்லை.

2021ல் நீகாரிகா வழக்கில் இன்னும் ஒரு படி. புலனாய்வு நடக்கும்போது "கடும் நடவடிக்கை எடுக்கக் கூடாது" என்று காரணம் சொல்லாமல் வழக்கமாக உத்தரவு போடாதீர்கள் என்று உயர் நீதிமன்றங்களுக்குச் சொன்னது உச்ச நீதிமன்றம்.

பாருங்கள், இவை எல்லாமே வாசலில் நிற்கும் காவலாளியின் விதிகள். யார் உள்ளே வரலாம், எதற்கு வரலாம், என்ன காரணம் காட்ட வேண்டும் என்பதற்கு. உள்ளே வந்தவர் எப்போது வெளியே போக வேண்டும் என்பதற்கு இவற்றில் எதிலும் பதில் இல்லை.

உள்ளே வந்த பிறகு

நடைமுறையில் என்ன நடக்கிறது? க்வாஷ் மனு தாக்கலாகிறது. முதல் நாள் அனுமதிக் கட்டம். மனுதாரர் தரப்பு மட்டும் பேசுகிறது, அரசுத் தரப்பு நோட்டீஸ் வாங்கிக்கொள்கிறது. "அதுவரை கீழ்க்கோர்ட்டில் மேல் நடவடிக்கைகளுக்கு இடைக்காலத் தடை." இரண்டு வரி உத்தரவு. அதன்பின் மனு பட்டியலுக்கு எப்போது வருமோ, ஆண்டவனுக்கே வெளிச்சம். பெஞ்ச் மாறும், வக்கீல் மாறுவார், நீதிபதி ஓய்வு பெறுவார். கீழ்க்கோர்ட்டில் வாய்தா தேதி மட்டும் தவறாமல் விழும். "ஸ்டே நிலுவை" என்று ஒரு வரி, அடுத்த தேதி.

சில சமயம் தடைகூடத் தேவைப்படாது. சீராய்வு மனுவில் அசல் கட்டுகளை வரவழைத்து உத்தரவு போட்டால் போதும். கட்டு மேலே போய்விட்டது, கீழே எதை வைத்து விசாரிப்பது? வழக்கு தானாக நின்றுவிடும்.

இதைத்தான் 2012 பிப்ரவரி 1ல் வந்த இம்தியாஸ் அகமது தீர்ப்பு அளந்து காட்டியது. கொலை, பாலியல் வன்கொடுமை, ஆள்கடத்தல், கூட்டுக்கொள்ளை போன்ற கடுமையான குற்றங்களில் உயர் நீதிமன்றங்களால் நிறுத்திவைக்கப்பட்டுள்ள வழக்குகளின் கணக்கை உச்ச நீதிமன்றம் எல்லா உயர் நீதிமன்றங்களிடமும் கேட்டது. வந்த கணக்கு இது: சுமார் 9 சதவீத வழக்குகளில் தடை உத்தரவு போட்டு 20 ஆண்டுகளுக்கு மேல் ஆகியிருந்தது. 10 ஆண்டுகளுக்கு மேல் ஆனவை சுமார் 21 சதவீதம். சராசரியாக ஒரு வழக்கு தடையில் கிடந்த காலம் சுமார் 7.4 ஆண்டுகள்.

அதே கணக்கில் இன்னொரு விவரமும் இருக்கிறது. எந்தக் கட்டத்தில் நிறுத்தப்பட்டன? குற்றப்பத்திரிகைக் கட்டத்தில் சுமார் 32 சதவீதம். ஆஜராகும் கட்டத்தில் 19, சம்மன் கட்டத்தில் 19. கூட்டிப் பார்த்தால் 70 சதவீதம். அதாவது நிறுத்தப்பட்டவற்றில் பெரும்பாலானவற்றில் முதல் சாட்சிகூடக் கூண்டில் ஏறவில்லை. ஏழெட்டு வருஷம் கழித்துத் தடை நீங்கினால் சாட்சிக்கு என்ன ஞாபகம் இருக்கும்? புலனாய்வு அதிகாரி ஓய்வு பெற்றிருப்பார். கைப்பற்றிய பொருள்கள் எந்த மூலையில் கிடக்கின்றனவோ. அப்புறம் "அரசுத் தரப்பு சந்தேகத்துக்கு இடமின்றி நிரூபிக்கவில்லை" என்று விடுதலை. அந்த விடுதலைத் தீர்ப்பில் கையெழுத்துப் போடுபவர் கீழ்க்கோர்ட்டு நீதிபதி. வழக்கைச் சாகடித்தது அவர் இல்லை.

குற்றம் சாட்டப்பட்டவருக்கு இது லாபம்தானே என்று தோன்றும். எல்லாருக்கும் இல்லை. ஒரே வழக்கில் ஐந்து பேர் இருந்து ஒருவர் ஸ்டே வாங்கினால் பல சமயம் மொத்த வழக்கும் நிற்கிறது. மற்ற நால்வரில் ஒருவர் அரசு ஊழியர் என்றால் பதவி உயர்வு தொங்கும். இன்னொருவர் வெளிநாட்டு வேலைக்குப் போக பாஸ்போர்ட்டுக்கு விண்ணப்பித்தால் "வழக்கு நிலுவையில்" என்று வரும். அவர்கள் கேட்காத தடை, அவர்கள் தலையில். பாதிக்கப்பட்டவருக்கோ பல நேரம் தடை போட்ட விஷயமே தெரியாது.

2012 தீர்ப்பு சொன்ன தீர்வு நிதானமானது. தடை போடும் அதிகாரத்தைச் சிக்கனமாகப் பயன்படுத்துங்கள். போட்டுவிட்டு வழக்கை மறந்துவிடாதீர்கள். முடிந்தவரை ஆறு மாதத்துக்குள் மனுவை முடியுங்கள். நல்ல அறிவுரை. கேட்காவிட்டால் என்ன ஆகும் என்று அதில் ஒன்றும் இல்லை.

ஆறு மாத மருந்து

2018 மார்ச் 28. ஏசியன் ரீசர்ஃபேசிங் வழக்கு. டில்லி மாநகராட்சியின் சாலை வேலைகளில் தார் வாங்கியதாகப் போலி ரசீது காட்டியதாகக் குற்றச்சாட்டு. எஃப்.ஐ.ஆர். 2001ல். குற்றச்சாட்டு வனைய உத்தரவிட்டது 2007ல். அதை எதிர்த்து உயர் நீதிமன்றம், அங்கிருந்து உச்ச நீதிமன்றம். தீர்ப்பு வரும்போது எஃப்.ஐ.ஆருக்கு வயது பதினேழு.

இது ஊழல் தடுப்புச் சட்ட வழக்கு என்பதைக் கவனிக்க வேண்டும். அந்தச் சட்டத்தின் 19(3)(சி) பிரிவு, விசாரணைக்குத் தடை போடாதே, இடைநிலை உத்தரவில் சீராய்வு கூடாது என்று நேரடியாகவே சொல்கிறது. உள்ளார்ந்த அதிகாரத்தைக் காட்டியும் தடை போட முடியாது என்று 2001ல் சத்ய நாராயண் சர்மா வழக்கில் உச்ச நீதிமன்றமே சொல்லியிருந்தது. அப்படியும் தடைகள் விழுந்துகொண்டுதான் இருந்தன. நாடாளுமன்றம் போட்ட பூட்டும் அதே சாவியால் திறக்கப்பட்டது.

மூன்று நீதிபதிகள் அமர்வு, உயர் நீதிமன்றத்தின் அதிகாரம் இல்லாமல் போகவில்லை, ஆனால் மிக அரிதாகவே பயன்படுத்த வேண்டும் என்றது. அத்தோடு நிற்கவில்லை. எல்லா சிவில், கிரிமினல் வழக்குகளிலும் தடை உத்தரவு ஆறு மாதத்தோடு தானாகக் காலாவதி ஆகும். நீட்டிக்க வேண்டுமானால் காரணத்தோடு தனி உத்தரவு வேண்டும். விசாரணை முடிவதைவிடத் தடை தொடர்வது ஏன் முக்கியம் என்று அந்த உத்தரவு சொல்ல வேண்டும். ஏற்கெனவே இருக்கும் தடைகளுக்கும் அன்றிலிருந்து ஆறு மாதம்.

படித்தபோது கைதட்டத் தோன்றியது உண்மை. ஆனால் கொஞ்சம் யோசித்தால் கோளாறு தெரியும். ஒருவர் நியாயமான காரணத்தோடு தடை வாங்குகிறார். மனுவை எடுத்து விசாரிக்க நீதிமன்றத்துக்கு நேரமில்லை. ஆறு மாதம் ஓடிவிடுகிறது. தடை போய்விடுகிறது. அவர் என்ன தப்பு செய்தார்? நேரம் ஒதுக்காதது நீதிமன்றம், தண்டனை மனுதாரருக்கு. எதிர்த்தரப்பு வக்கீல் இரண்டு வாய்தா இழுத்தாலே போதும், ஆறு மாதம் தானாக முடிந்துவிடும். இழுத்தடிப்பை ஒழிக்க வந்த விதி, இழுத்தடிப்பவர் பக்கம் மாறிவிட்டது.

மருந்தைக் கொட்டிய தீர்ப்பு

2024 பிப்ரவரி 29 அன்று ஐந்து நீதிபதிகள் அமர்வு இதை மாற்றியது. நீதிபதி அபய் ஓகா எழுதிய தீர்ப்பு, நீதிபதி பங்கஜ் மித்தலின் தனி இசைவுரை. முறையாகப் போடப்பட்ட தடை உத்தரவு காலம் கடந்ததாலேயே தானாகச் செத்துப்போகாது. யாரையும் கேட்காமல் நாடு முழுக்க உள்ள தடை உத்தரவுகளை ஒரே வீச்சில் நீக்க 142ஆம் பிரிவு இடம் தராது. மற்ற நீதிமன்றங்களுக்கு இத்தனை நாளில் முடி என்று கெடு வைப்பதை, விதிவிலக்கான சூழல் தவிர, உச்ச நீதிமன்றம் தவிர்க்க வேண்டும்.

இதற்கு முன்னும் ஒருமுறை உச்ச நீதிமன்றம் இதே பாடத்தைப் படித்திருக்கிறது. மது லிமாயே வழக்கில் பார்த்த அதே அந்துலே. பின்னர் மகாராஷ்டிர முதலமைச்சராகி, ஊழல் வழக்கில் சிக்கினார். வழக்கு சீக்கிரம் முடியட்டும் என்று 1984ல் உச்ச நீதிமன்றம் அதைச் சிறப்பு நீதிபதியிடமிருந்து எடுத்து நேராக உயர் நீதிமன்றத்துக்கு மாற்றியது. 1988ல் ஏழு நீதிபதிகள் அமர்வில் பெரும்பான்மை அந்த உத்தரவைத் திரும்பப் பெற்றது. சட்டம் சொன்ன நீதிமன்றத்தை மாற்ற அதிகாரம் இல்லை, அவரைக் கேட்காமலேயே அந்த உத்தரவு போடப்பட்டது, மேல்முறையீட்டில் ஒரு படியை அவர் இழந்தார் என்பவை காரணங்கள். வேகத்துக்காகச் செய்த தலையீட்டால் போனது நான்கு ஆண்டுகள். 2018 தீர்ப்பும் 1984 உத்தரவும் ஒரே ரகம். நோக்கம் நல்லது, ஆனால் பாதிக்கப்படுபவரிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை.

ஆக 2024 தீர்ப்பு சட்டப்படி சரி. என் விமர்சனம் அது அடுத்து சொன்னதைப் பற்றியது. எதிர்த்தரப்பைக் கேட்காமல் போடும் தடையைச் சாதாரணமாகக் குறுகிய காலத்துக்கு மட்டும் போடுங்கள் என்கிறது. தடை நீக்க மனுக்களுக்கு முன்னுரிமை கொடுங்கள் என்கிறது. நல்லது. "சாதாரணமாக", "முன்னுரிமை" என்ற சொற்கள் 2012லேயே ஏறக்குறைய இதே தொனியில் சொல்லப்பட்டவைதான். அவற்றுக்கு என்ன ஆயிற்று என்று பார்த்ததால்தானே 2018 வந்தது?

எந்த வழக்குக்கு முன்னுரிமை என்பதை அந்தந்த நீதிமன்றமே நன்கறியும் என்பது 2024 தீர்ப்பின் இன்னொரு வாதம். புதிதாகத் தடை போடும்போது இது பொருந்தும். தடை போட்டுவிட்டுப் பத்து வருஷம் திரும்பிப் பார்க்காத நீதிமன்றத்திடம் "உனக்குத்தான் தெரியும்" என்று சொல்வதில் என்ன பொருள்?

வேண்டும் என்று நினைத்தால் உச்ச நீதிமன்றத்துக்கு வழி தெரியாமல் இல்லை. நிலக்கரிச் சுரங்க ஒதுக்கீட்டு வழக்குகளில், தடை கேட்பதானால் எங்களிடம் மட்டும்தான் வர வேண்டும் என்று 2014ல் உத்தரவிட்டு, 2017ல் கிரிஷ் குமார் சுனேஜா வழக்கில் அதை உறுதியும் செய்தது. நாடு பார்த்துக்கொண்டிருந்த வழக்குகளுக்குத் தனிப் பாதை. ஒரு கிராமத்துக் கொலை வழக்கில் கணவனைப் பறிகொடுத்தவள் காத்திருக்கும் வழக்குக்கு அறிவுரை.

என்ன செய்யலாம்?

2018க்கும் 2024க்கும் நடுவில் இடம் இருக்கிறது. தடை தானாகச் சாக வேண்டாம். ஆனால் தானாக உயிர் வாழவும் வேண்டாம். ஒவ்வொரு தடை உத்தரவிலும் அடுத்த தேதி இருக்கட்டும். அந்தத் தேதியில் மனுவை விசாரிக்க முடியாவிட்டால், தடை ஏன் தொடர வேண்டும் என்று இரண்டு வரி எழுதி அடுத்த தேதி போடட்டும். பதிவுத்துறை அந்தத் தேதியில் மனுவைப் பட்டியலில் கொண்டுவந்தே ஆக வேண்டும், அது வக்கீல் கேட்டால்தான் என்று இருக்கக் கூடாது. இதில் மனுதாரர் எதையும் இழக்கவில்லை. நீதிமன்றம் மறக்கும் வசதியை மட்டும்தான் இழக்கிறது.

இரண்டாவது, நிறுத்துவது என்றால் முழுக்க நிறுத்த வேண்டும் என்று கட்டாயமில்லை. "சாட்சியம் பதிவாகட்டும், தீர்ப்பு மட்டும் சொல்லாதே" என்று போடும் உத்தரவுகள் நம் நீதிமன்றங்களுக்குப் புதியவை அல்ல. எஃப்.ஐ.ஆரே செல்லாது என்ற வாதம் உள்ள இடத்தில் இது பொருந்தாது, ஒப்புக்கொள்கிறேன். ஓர் ஆவணத்தை ஏற்றது சரியா, ஒரு சாட்சியைத் திரும்ப அழைக்கலாமா என்பது மாதிரி சண்டைகளுக்கு மொத்த வழக்கையும் ஏன் முடக்க வேண்டும்? சாட்சியின் நினைவு யாருக்காகவும் காத்திருக்காது.

மூன்றாவது, அசல் கட்டுகளை மேலே வரவழைக்கும் பழக்கம். ஸ்கேன் செய்த நகல் ஒரு நொடியில் போய்ச் சேரும் காலத்தில் இதற்கு என்ன நியாயம் இருக்கிறது?

இவற்றுக்குப் புதிய சட்டமே வந்திருக்க வேண்டிய நேரம் 2023. நடைமுறைச் சட்டத்தை முழுதாகத் திருத்தி எழுதினார்கள். கீழ்க்கோர்ட்டு நீதிபதிக்குக் கெடுக்கள் வைத்தார்கள். குற்றச்சாட்டு வனைவதற்கு முதல் விசாரணை நாளிலிருந்து 60 நாள். வாய்தா அதிகபட்சம் இரண்டு. செஷன்ஸ் வழக்கில் வாதங்கள் முடிந்து 30 நாளில் தீர்ப்பு, தாமதமானால் 45 நாள்வரை நீட்டலாம், ஆனால் காரணத்தை எழுத்தில் பதிவு செய்ய வேண்டும்.

பதினைந்து நாள் கூடுதலாக எடுத்துக்கொள்ள ஒரு செஷன்ஸ் நீதிபதி காரணம் எழுத வேண்டும். அவர் முன்னால் இருக்கும் அதே வழக்கைப் பதினைந்து ஆண்டுகள் நிறுத்திவைக்க, முதல் நாள் போட்ட இரண்டு வரி உத்தரவே போதும். 528ஆம் பிரிவில் நாள்கணக்கு எதுவும் இல்லை. அங்கே நாள்கணக்கு எழுதச் சொல்லி நான் கேட்கவில்லை, அதன் ஆபத்தை 2018 காட்டிவிட்டது. செஷன்ஸ் நீதிபதியிடம் கேட்கும் அந்த ஒரு வரிக் காரணத்தை உயர் நீதிமன்றத்திடமும் கேட்டால் போதும்.